மேற்படி குழந்தையின் பெயர்சூட்டு விழா

ஒச்சப்பன் செய்த தப்பு ஒன்றே ஒன்றுதான். மைக் சரியாக இருக்கிறதா என்று பார்க்க மேடை ஏறியவன், பார்த்ததும் இறங்கியிருக்க வேண்டும். இறங்காமல், யார் காலையாவது தட்டிவிடப்போகிறதே என்று குனிந்து வயரைச் சுருட்டிக்கொண்டிருந்தான். நல்லதுக்குக் காலமில்லை. அந்தச் செத்த நேரத்தில் அவன் குடும்பத்தில் நாலு தலைமுறைக்கும் சேர்த்து வினை வந்து சேர்ந்தது.

மேடை, செம்மரபுப் பெயர்சூட்டு மாமன்றத்தினுடையது. திண்டுக்கல் மேற்கு ரத வீதியில் ஓர் அரிசிக் கடையின் மாடியில் அந்த மாமன்றம் இயங்கிவந்தது. முன்னோரின் பெயர்களைப் போற்றிப் பாதுகாத்துப் பிறக்கும் குழந்தைகளுக்குச் சூட்டுவதே நோக்கம் என்று வாசலில் பலகை தொங்கும். பெயராய்வுக் குழு என்று ஒன்று உண்டு. அந்தக் குழு ஒழுங்காக ஆராய்கிறதா என்று கண்காணிக்க இன்னொரு குழுவும் உண்டு. இரண்டிலும் இருந்தது அதே நாலு பேர்தான். கண்காணிக்கும் நேரம் வந்தால் நாற்காலிகளை எதிர்ப்பக்கம் திருப்பிப் போட்டுக்கொள்வார்கள்.

தலைவர் எழிற்குன்றனார் அன்றைக்கு மணிக்கூண்டுப் பக்கம் கூட்டத்தில் பேசிக்கொண்டிருந்தார். "இத்துடன் என் உரையை நிறைவு செய்கிறேன்" என்று நாலு தடவை சொல்லியாகிவிட்டது. ஐந்தாவது தடவை சொல்ல வாயெடுத்தவரின் கண்ணில், காலடியில் குனிந்திருந்த ஒச்சப்பன் பட்டான்.

"தோழரே, உமக்கு மகவு உண்டோ?" என்றார் தலைவர்.

மகவு என்றால் என்னவென்று ஒச்சப்பனுக்குச் சட்டென்று பிடிபடவில்லை. பிடிபட்டதும், "பையன் பொறந்து பத்து நாளாச்சுங்க" என்றான். மைக் நன்றாகத்தான் வேலை செய்தது. கடைசி வரிசையில் கடலை விற்றவனுக்குக்கூடக் கேட்டது.

"கண்டீர்களா! ஓர் ஏழை ஒலிபெருக்கித் தோழர், தம் மைந்தனுக்குப் பெயர் சூட்டித் தருமாறு இம்மாமன்றத்தின் காலடியில் விழுந்து மன்றாடுகிறார். கல்லும் கரையும் காட்சி இது. மாமன்றம் கரைகிறது. அக்குழந்தைக்கு மாமன்றமே பெயர் சூட்டும்."

கூட்டம் கைதட்டியது. ஒச்சப்பன் நிமிர்ந்து, "நான் வயரைச் சுத்திக்கிட்டு இருந்தேங்க" என்றான். அதற்குள் மைக் தலைவர் வாய்க்குப் போய்விட்டது.

வீட்டுக்கு வந்து விஷயத்தைச் சொன்னான். அவன் மனைவி முத்துப்பேச்சி பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள். "அதான் பேரு இருக்கே. புதுசா என்னத்தை வைக்கப் போறாக?" என்றாள்.

பேர் இருக்கத்தான் இருந்தது. பிள்ளை பிறப்பதற்கு முன்பே இருந்தது. ஒச்சப்பன் குடும்பத்துக்கு ஆண்பிள்ளைப் பெயர் மொத்தமே இரண்டுதான். ஒச்சப்பனுக்குப் பிறந்தவன் மொக்கைச்சாமி, மொக்கைச்சாமிக்குப் பிறந்தவன் ஒச்சப்பன். தாத்தா பெயர் பேரனுக்கு, அவன் தாத்தா பெயர் அவன் பேரனுக்கு என்று கிணற்றடி ஏற்றக்காளை போவதும் வருவதும் போல அதுபாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது. இப்போது முறை மொக்கைச்சாமியுடையது.

அந்தப் பெயரை முத்துப்பேச்சி சொல்லமாட்டாள் என்பது வேறு விஷயம். மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லுகிற வழக்கம் அந்தப் பக்கத்தில் கிடையாது. மாமா பெயரில் பாதி வருகிறதே என்று மொச்சையைக்கூட அவள் 'அந்தப் பயறு' என்றுதான் சொல்லுவாள். மகனை ஆயுசுக்கும் "அய்யா, ராசா" என்றே கூப்பிட்டுவிடலாம் என்று கர்ப்பத்திலேயே முடிவு செய்து வைத்திருந்தாள்.

சித்தையன்கோட்டையில் வெங்காயம் போட்டுக்கொண்டிருந்த ஒச்சப்பனின் அப்பாவுக்குச் சேதி போனது. அடுத்த பஸ்ஸிலேயே மொக்கைச்சாமி வந்து இறங்கினார்.

"ஏலே, நம்மூருல மட்டும் பதினோரு மொக்கைச்சாமி இருக்கான். ஒருத்தன் பேரையும் எவனும் போயி எங்கேயும் கேட்டு வாங்கல. உனக்கு மட்டும் என்னப்பு வந்துச்சு?"

"நான் கேக்கலப்பா. வயரைச் சுத்திக்கிட்டு இருந்தேன்."

பெரியவர் பேரனைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டார். அப்புறம் மெதுவாகச் சொன்னார். "எம்பேரு இவனுக்கு. உம்பேரு இவன் மகனுக்கு. இப்படியே போய்க்கிட்டிருந்தாத்தான் நம்ம வீட்டுல யாராச்சும் நம்மளக் கூப்பிட்டுக்கிட்டே இருப்பாக. நடுவுல அத்துருச்சுன்னா, நான் போனப்புறம் என்னை யாருடா கூப்பிடுவா?"

ஒச்சப்பன் மறுநாளே மாமன்றத்துக்குப் போய் வேண்டாம் என்று சொல்லிவிடுவதாக வாக்குக் கொடுத்தான்.

வாக்குக் கொடுப்பது லேசு. அவன் வேலை பார்த்தது சௌகத் அலியின் மைக் செட் கடையில். அந்தக் கடை ஓடியதே மாமன்றத்தின் கூட்டங்களால்தான். ஊரில் கல்யாணமும் திருவிழாவும் இல்லாத மாதத்தில்கூட எழிற்குன்றனாருக்குப் பேசுவதற்கு ஏதாவது இருக்கும். அவரைப் பகைத்துக்கொண்டால் கடையில் குழாய் ஸ்பீக்கர்களுக்குள் குருவிதான் கூடு கட்டும்.

"எனக்குப் புள்ள பொறந்தப்பவும் இவரு வந்தாரு," என்றார் சௌகத் அலி. "நான் முந்திக்கிட்டேன். ஏழாம் நாளு முடியெறக்கி, அப்துல் சுக்கூர்னு எங்க அத்தா பேரை வச்சாச்சு. வந்தவுக பிரியாணி சாப்பிட்டுப் போயிட்டாக. அம்புட்டுத்தான். நீ ஏண்டா மேடையில போயி பத்து நாளுன்னு சொன்னே? பேரு வச்சாச்சுன்னு ஒரு வார்த்தை சொன்னா என்ன?"

அது ஒச்சப்பனுக்குத் தோன்றவே இல்லை.

அவன் மாமன்றத்துக்குப் போவதற்கு முன்னால் மாமன்றம் அவன் வீட்டுக்கு வந்துவிட்டது. செயலாளர் பொழிற்செல்வர் குடையை மடக்கிக்கொண்டு குனிந்து உள்ளே நுழைந்தார்.

"மேற்படி குழந்தை எங்கே?" என்றார்.

முத்துப்பேச்சி தொட்டிலைக் காட்டினாள். செயலாளர் எட்டிப் பார்த்து, திருப்தியாகத் தலையாட்டி, விதிகளை விளக்கினார். மாமன்றம் பெயர் சூட்டும் வரை மேற்படி குழந்தையை எப்பெயராலும் அழைத்தலாகாது. செல்லப் பெயரும் ஆகாது. அய்யா, ராசா, கண்ணு, தங்கம் யாவும் பெயர்களின் பாற்படும். விழா நாளன்று மேடையில் பெயரை மும்முறை உரக்க அழைக்கும்போது, பெயர் பெற்றவர் முகம் திருப்பி நோக்க வேண்டும். அதற்கு ஏற்புத் திரும்பல் என்று பெயர். திரும்பியவருக்கே பெயர் உரியது.

"அப்ப அதுவரைக்கும் புள்ளையை எப்படிங்க கூப்பிடுறது?" என்று கேட்டாள் முத்துப்பேச்சி.

செயலாளர் யோசித்தார். விதியில் அதற்கு வழி இல்லை. "நாங்கள் மேற்படி என்கிறோம்" என்றார்.

வாரத்துக்கு ஒரு தரம் அவர் சொல்லாமல் கொள்ளாமல் வந்து, ஜன்னலுக்கு வெளியே குடையை விரித்து நின்று, யாராவது குழந்தையைக் கொஞ்சுகிறார்களா என்று ஒட்டுக்கேட்டார். ஒருநாள் முத்துப்பேச்சி "என் தங்கமே" என்று வாய்தவறிச் சொன்னதைப் பிடித்துவிட்டார். அதனால் விழா இரண்டு மாதம் தள்ளிப்போயிற்று. அதற்கப்புறம் அவளும் வேறு வழியில்லாமல், "மேற்படி, அழாதடா. மேற்படி, வாயைத் திற" என்று ஆரம்பித்தாள். பெரியவர் ஊரிலிருந்து வரும்போதெல்லாம் பேரன் காதில் கையைப் பொத்தி ரகசியமாகத் தன் பெயரைச் சொல்லிப் பார்ப்பார். பிள்ளை காதைச் சொறிந்துகொள்ளும். அவ்வளவுதான்.

குழந்தை குப்புற விழுந்து, தவழ்ந்து, பல் முளைத்த பிறகு ஒருநாள் பெயராய்வுக் குழு கூடி ஒச்சப்பனை விசாரணைக்கு அழைத்தது.

"உம் முன்னோர் பெயர்களைச் சொல்லும். மாமன்றம் முன்னோரின் பெயர்களைப் போற்றுவது" என்றார் தலைவர்.

ஒச்சப்பனுக்கு நெஞ்சில் பால் வார்த்த மாதிரி இருந்தது. "எங்கப்பா மொக்கைச்சாமிங்க. தாத்தா ஒச்சப்பன். அவுக அப்பா மொக்கைச்சாமி. அவுக அப்பா—"

"போதும்" என்றார் எழிற்குன்றனார். முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. துணைத் தலைவர் கூரையைப் பார்த்தார். செயலாளர் குடைக் கம்பியை எண்ண ஆரம்பித்தார். பொருளாளர் தண்ணீர் கேட்டார்.

"அந்த... முதல் பெயர். அதைவிட்டால் வேறு முன்னோரே இல்லையா உமக்கு?"

"மொக்கைச்சாமிங்களா?"

"அதைத்தான். அதை இங்கே ஒலிக்க வேண்டாம். நான் அதை என் நாவால் சொன்னதே இல்லை. சொல்லப்போவதும் இல்லை."

நம்ம வீட்டு முத்துப்பேச்சி மாதிரியே இவரும் அந்தப் பெயரைச் சொல்லமாட்டேன் என்கிறாரே, ஒருவேளை அப்பா மேல் அவ்வளவு மரியாதையோ என்று ஒச்சப்பன் நினைத்துக்கொண்டான். பாவம், அவன் வெள்ளந்தி.

குழு கதவைச் சாத்திக்கொண்டு ஆராய்ந்தது. பிறகு நாற்காலிகளைத் திருப்பிப் போட்டுக்கொண்டு, தான் ஆராய்ந்ததைக் கண்காணித்தது. கடைசியில் தலைவர் எழுந்து தீர்ப்புச் சொன்னார்.

"மரபு யாது? பேரனுக்குப் பாட்டன் பெயர். அம்மரபை மீற மாமன்றம் ஒருக்காலும் ஒப்பாது; மீறுவோரைப் பொறுக்கவும் பொறுக்காது. ஆனால் பாட்டன் பெயரோ அவையில் சொல்லத் தகாதது. என் செய்வது? இரவும் பகலும் சிந்தித்தோம். மரபும் கெடாமல் மாண்பும் கெடாமல் ஒரு வழி கண்டோம். முதலில் பாட்டன் பெயரை மாற்றுவோம். பிறகு அதைப் பேரனுக்கு வைப்போம்."

"எங்கப்பா இன்னும் உசிரோட இருக்காருங்களே" என்றான் ஒச்சப்பன்.

"அது நம் பேறு. திரும்பிப் பார்ப்பார்."

ஆனால் பாட்டன் பெயரும் மரபுப்படி அவருடைய பாட்டனிடமிருந்து வந்திருக்க வேண்டும் அல்லவா என்று துணைத் தலைவர் ஒரு நுட்பமான கேள்வியைக் கிளப்பினார். ஆகவே முதலில் ஒச்சப்பனின் இறந்துபோன முப்பாட்டனுக்குப் பெயர் மாற்றுவது என்று தீர்மானமாயிற்று. மாடியிலேயே ஒரு நாற்காலியில் மாலை போட்டு, 'இமயமார்பன்' என்று மும்முறை அழைத்தார்கள். முப்பாட்டன் திரும்பவில்லை. மறுப்பு உண்டா என்று தலைவர் கேட்டார். முப்பாட்டன் மறுக்கவும் இல்லை. ஒருமனதாக நிறைவேறியது என்று செயலாளர் அறிவித்தார். எல்லோரும் வடை சாப்பிட்டார்கள்.

ஒச்சப்பன் சித்தையன்கோட்டைக்குப் போய் இதை அப்பாவிடம் சொல்லிமுடிக்கப் பட்ட பாடு கொஞ்சமல்ல.

"இமயமார்பனா?" என்றார் பெரியவர். "எனக்கு மார்ச்சளி இருக்கிறது அவுகளுக்கு எப்படிடா தெரிஞ்சுச்சு?"

"விட்டுத்தள்ளிருவோம்பா. வேலை போனாப் போகட்டும். வத்தலக்குண்டுல போயி பஸ்ஸுல மூட்டை ஏத்திப் பிழைச்சுக்கிறேன்."

பெரியவர் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "கைப்புள்ளைய வச்சுக்கிட்டு மூட்டையா ஏத்தப் போறே? வேணாம்டா. பேருதானே. எடுத்துக்கிட்டுப் போறாக. நான் வந்து உக்காருறேன்." சிரித்தபடிதான் சொன்னார். ஆனால் மகன் பஸ் ஏறும் வரை அவன் முகத்தைப் பார்க்கவில்லை.

விழா நாள் வந்தது. குழந்தை அதற்குள் நடக்க ஆரம்பித்துவிட்டது. மணிக்கூண்டுப் பக்கம் எள் போட இடமில்லை. மேடையில் பெரியவரை ஒரு நாற்காலியில் உட்காரவைத்து மாலை போட்டிருந்தார்கள். பக்கத்தில் முத்துப்பேச்சி மடியில் பிள்ளையோடு உட்கார்ந்திருந்தாள். ஒச்சப்பன் மேடைக்குக் கீழே ஆம்ப்ளிபயர் பெட்டிக்கு முன்னால் குத்தவைத்திருந்தான். தன் அப்பாவின் பெயர் போகிற கூட்டத்துக்குத் தானே மைக் கட்டியிருப்பதை நினைத்து அவனுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

எழிற்குன்றனார் முழங்கினார். "பெயர் என்பது உடை. சிலர் பிறக்கும்போதே கந்தையை உடுத்திவிடுகிறார்கள். அதைக் கழற்றி எறியும் துணிவு வேண்டும். எனக்கு அத்துணிவு இருந்தது. யாரும் பார்க்காத நேரத்தில் எறிந்தேன். இன்று இப்பெரியவருக்கு அத்துணிவை நாங்கள் வழங்குகிறோம். அவர் விரும்புகிறாரா என்று கேட்டு அவருடைய நேரத்தை வீணாக்க மாட்டோம்."

பிறகு "இமயமார்பா!" என்று அழைத்தார். குழாய் ஸ்பீக்கர் அலறியது. பெரியவர் பின்பக்கம் திரும்பி, யாராவது வருகிறார்களா என்று பார்த்தார்.

"அது திரும்பல் ஆகாது. தேடல்" என்றார் செயலாளர்.

இரண்டாம் முறை அழைத்தார்கள். பெரியவர் பக்கத்திலிருந்த பொருளாளரிடம், "உங்களைத்தான் கூப்பிடுறாக" என்றார். பிள்ளையோ மாலையிலிருந்து ஒரு சாமந்தியைப் பிய்த்து மென்றுகொண்டிருந்தது. கூட்டத்தில் சிரிப்புச் சத்தம் எழுந்தது. மூன்றாம் அழைப்பும் வீணாகிவிட்டால் மாமன்றத்தின் மானம் காற்றில் போய்விடும் என்பது தலைவருக்குப் புரிந்தது. அதனால் தந்திரமாக, "மூன்றாம் அழைப்பு தாய்க்குலத்தினுடையது. அம்மையே, நீரே அழையும்" என்று மைக்கை முத்துப்பேச்சியின் பக்கம் திருப்பினார்.

முத்துப்பேச்சி எழுந்து நின்றாள். வாயைத் திறக்கவில்லை.

"ஏன் தயக்கம்?"

"மாமனாரு பேரை நான் எப்படிங்க சொல்லுவேன்?"

"இது உம் மகன் பெயர்."

"மாமாவுக்கும் அதைத்தானே வச்சீக. ரெண்டும் ஒண்ணுதானே?"

தலைவர் செயலாளரைப் பார்த்தார். செயலாளர் துணைத் தலைவரைப் பார்த்தார். இதை எந்தக் குழுவும் ஆராய்ந்திருக்கவில்லை, கண்காணித்திருக்கவும் இல்லை.

"திரும்பிப் பார்த்தால்தான் அம்மா அது அவருக்குப் பெயராகும். இன்னும் ஆகவில்லை" என்று சமாளித்தார் தலைவர்.

"அப்ப இந்த நிமிசம் மாமா பேரு என்னங்க?"

எழிற்குன்றனார் வாயைத் திறந்தார், மூடினார். அவருக்கு வேர்த்துவிட்டது. "பழைய... அந்த... அது ஒழிந்தது. ஒழிந்தது என்று ஐயா, நீரே சொல்லிவிடும்" என்று பெரியவரிடம் திரும்பினார்.

பெரியவர் மாலையைக் கையால் ஒதுக்கிக்கொண்டு எழுந்தார். கூட்டத்தைப் பார்த்துக் கும்பிட்டார். "சரிங்க. எடுத்துக்கங்க" என்றார். நாற்காலியில் திரும்ப உட்காரக்கூட மறந்துபோய் அப்படியே நின்றார்.

முத்துப்பேச்சிக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. ஒரு வருஷத்துக்கு மேலாகப் பெற்ற பிள்ளையைக் கொஞ்ச முடியாமல் அடக்கிவைத்திருந்த கோபமும் அதோடு சேர்ந்துகொண்டது. பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். "மாமா, மன்னிச்சுக்கங்க" என்றாள். மைக்கை இழுத்து வாய்க்கு நேரே பிடித்தாள்.

"மொக்கைச்சாமி."

கல்யாணமாகி வந்த நாள் முதல் அவள் வாயில் வராத பெயர், குழாய் ஸ்பீக்கர் வழியாக ரத வீதிகள் நாலிலும் கேட்டது.

"என்ன தாயி?" என்று பெரியவர் திரும்பினார்.

"என்னம்மா?" என்று எழிற்குன்றனார் திரும்பினார்.

செயலாளர் பொழிற்செல்வர் குடையோடு திரும்பினார். பொருளாளர் எழுந்தே நின்றுவிட்டார். துணைத் தலைவர் மட்டும் அசையாமல் இருந்தார். பிற்பாடு விசாரித்ததில் அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் சின்னக்கண்ணு என்று தெரியவந்தது. கூட்டத்திலும் அங்கங்கே ஆறேழு தலை திரும்பியது. அது அந்தப் பக்கத்துப் பெயர், என்ன செய்வது.

கடலைக்காரன்தான் முதலில் வாயைத் திறந்தான். "திரும்புனவுகளுக்குத்தானே பேரு? அப்ப தலைவருக்கு வச்சாச்சு."

சிரிப்பு எங்கே ஆரம்பித்து எங்கே முடிந்தது என்று யாராலும் சொல்ல முடியவில்லை. எழிற்குன்றனார் மைக்கைப் பிடுங்கி, ஒலிபெருக்கியில் கோளாறு என்று அறிவித்தார். அந்த அறிவிப்பு கணீரென்று கேட்டது. சௌகத் அலி எதிர்ப்பக்கம் இருந்த தன் கடை வாசலில் நின்றபடி ஒச்சப்பனைப் பார்த்து, சத்தத்தை இன்னும் கொஞ்சம் கூட்டு என்று கையைக் காட்டினார். வேலை போவதைப் பற்றி அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று அதற்கு அர்த்தம். ஒச்சப்பன் கூட்டினான்.

பெரியவர் மேடையை விட்டு இறங்கிவந்தார். மருமகள் தலையைக் குனிந்துகொண்டு பின்னால் வந்தாள். மணிக்கூண்டைத் தாண்டியதும் அவர் நின்று மருமகளைப் பார்த்தார். பிறகு, "ஏத்தா, இத்தனை வருசமா எம்புட்டோ பேரு என்னைக் கூப்பிட்டிருக்காக. நீ கூப்பிட்டதுதான் கேக்க நல்லாருந்துச்சு" என்றார். அவள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். அவரும் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிள்ளை ஒன்றும் புரியாமல் சாமந்தியைத் துப்பியது.

பேரனுக்கு அந்த வாரமே தொட்டில் கட்டி மொக்கைச்சாமி என்று பெயர் வைத்தார்கள். சௌகத் அலி வந்து பிரியாணி இல்லையா என்று கேட்டுவிட்டுப் பொங்கலைச் சாப்பிட்டுப் போனார். மாமன்றம் மூன்று மாதம் கூட்டமே போடவில்லை. பிறகு எழிற்குன்றனாரால் பேசாமல் இருக்க முடியவில்லை. அவர் பேசுகிற நேரத்துக்குத் தாங்குகிற வேறு மைக் செட்டும் ஊரில் இல்லை.

முத்துப்பேச்சி ஒரு தடவை சொன்னது சொன்னதுதான். மறுநாள் காலையிலிருந்து மாமா பெயர் மறுபடியும் அவள் வாயில் வரவில்லை. மகனை அய்யா, ராசா என்றெல்லாம் கூப்பிட்டுப் பார்த்தாள். அவன் திரும்புவதாக இல்லை. சோறு ஆறிப்போகிறதே என்ற எரிச்சலில் ஒருநாள், "ஏலே மேற்படி" என்றாள். துள்ளிக்கொண்டு ஓடிவந்தான். அப்படியே நிலைத்துவிட்டது.

மாலை வேளையில் எழிற்குன்றனார் அந்தத் தெரு வழியாகத்தான் மாமன்றத்துக்குப் போவார். பெரியவர் சித்தையன்கோட்டையிலிருந்து வந்திருக்கும் நாட்களில், வாசலில் நின்று பேரனை அடித்தொண்டையில் கூப்பிடுவார். அந்தப் பெயர் காதில் விழுந்தாலும் திரும்பாமல் நடக்கத் தலைவர் இன்னமும் பழகிக்கொண்டிருக்கிறார். கைகூடவில்லை.